விமானக் கடத்தலைப் பார்த்தும் பயணிகள் சிரித்தது ஏன்? கேமராவை ஒளித்துவைத்த ஆலன் ஃபண்ட்டின் கதை

1969 பிப்ரவரி 3. அமெரிக்காவின் நெவார்க்கில் இருந்து மயாமிக்குப் போகும் விமானத்தை, கத்தியைக் காட்டி கியூபாவுக்குத் திருப்பச் சொல்கிறார்கள். நீங்கள் அதில் இருந்தால் என்ன செய்வீர்கள்? உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பீர்கள், இல்லையா? ஆனால் பயணிகளில் பலர் சிரித்தார்கள். காரணம், கூடவே பயணம் செய்த ஆலன் ஃபண்ட். அவர் இருக்கிற இடத்தில் எங்கேயாவது ஒரு கேமரா ஒளிந்திருக்கும் என்பது ஊருக்கே தெரியும்.

யார் இந்த ஃபண்ட்?

இன்று உங்கள் மொபைலில் வந்து விழும் பிராங்க் வீடியோக்களுக்கெல்லாம் இவர்தான் தாத்தா. 1914-ல் நியூயார்க்கின் புரூக்ளினில் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரின்போது ராணுவத்தின் சிக்னல் பிரிவில் வேலை. வீரர்களின் பேச்சைப் பதிவு செய்யும்போது ஒரு சிக்கல் வந்தது. பதிவைக் காட்டும் சிவப்பு விளக்கு எரிந்ததும் அவர்களுக்கு நாக்கு குழறும். அணைந்ததும் கலகலன்னு பேசுவார்கள். ஃபண்ட் விளக்கு எரியாமலே பதிவு செய்யத் தொடங்கினார். பிற்காலத் தொழிலின் விதை அதுதான்.

1947-ல் 'கேண்டிட் மைக்ரோஃபோன்' என்று வானொலியில் ஆரம்பித்தது, அடுத்த ஆண்டே தொலைக்காட்சிக்கு வந்து 'கேண்டிட் கேமரா' ஆனது. இன்ஜினே இல்லாத காரைச் சரிவில் உருட்டிக்கொண்டு வந்து மெக்கானிக்கிடம் காட்டுவார்கள். லிஃப்ட்டில் எல்லோரும் பின்சுவரைப் பார்த்து நிற்க, விவரம் தெரியாமல் ஏறியவரும் மெல்லத் திரும்பி நிற்பார். இந்த லிஃப்ட் காட்சியை உளவியல் வகுப்புகளில் இன்றும் காட்டுகிறார்கள்.

ஏமாந்தவர் யார்?

ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். இந்த விளையாட்டில் ஏமாறுபவர், அதற்கு முன்கூட்டியே சம்மதம் சொன்னவர் இல்லை. உண்மை தெரிந்த பிறகுதான் கையெழுத்து கேட்பார்கள். நம் ஊரில் சைரஸ் புரோச்சா நடத்திய 'எம்டிவி பக்ரா'வின் பெயரே இதைப் போட்டு உடைக்கிறது. பக்ரா என்றால் ஆடு.

2011-ல் வந்த 'இம்ப்ராக்டிகல் ஜோக்கர்ஸ்' இந்தக் கணக்கை மாற்றியது. நியூயார்க்கின் ஸ்டேட்டன் ஐலண்டைச் சேர்ந்த நான்கு பள்ளித் தோழர்கள் ஒருவருக்கொருவர் சவால் விடுவார்கள். காதில் மாட்டிய கருவியில் நண்பர்கள் சொல்வதை, முன்பின் தெரியாதவரிடம் போய்ச் சொல்லியாக வேண்டும். முடியாது என்றால் தோல்வி. எபிசோட் முடிவில் தோற்றவருக்குத் தண்டனையும் உண்டு. தெரியாதவர்கள் இதிலும் மாட்டுகிறார்கள்தான். ஆனால் அசடு வழிவது பெரும்பாலும் விளையாட ஒப்புக்கொண்ட நண்பர். சுருக்கமாகச் சொன்னால், ஆடு மாறிவிட்டது.

சரி, அந்த விமானம் என்ன ஆனது?

மனைவி, குழந்தைகளோடு இருந்த ஃபண்ட், இது நிஜம் என்று எவ்வளவோ சொல்லிப் பார்த்தார். யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. விமானம் ஹவானாவில் இறங்கிய பிறகுதான் சிரிப்பு அடங்கியது. நல்லவேளை, பயணிகள் பத்திரமாகத் திரும்பினார்கள்.

1982-ல் ஃபண்ட் ஒரு அறக்கட்டளை தொடங்கி, தன் நிகழ்ச்சியின் பதிவுகளைக் கடும் நோயாளிகளுக்கு அனுப்பினார். 1993-ல் பக்கவாதம் அவரை முடக்கியது, 1999-ல் இறந்தார். நோயாளிகளைச் சிரிக்க வைத்த அதே கேமராதான், நிஜ ஆபத்தில் அவர் சொன்ன சொல்லை யாரும் நம்பாமல் செய்தது. அடுத்த பிராங்க் வீடியோவை ஃபார்வேர்டு செய்வதற்கு முன், அதில் ஆடு யார் என்று ஒரு நிமிடம் பாருங்கள்.