பக்தாதை எழுப்பிய கலீபா மன்ஸூர்

கடை வைப்பவனுக்கு ஊர் முக்கியம். ஊரிலும் தெரு முக்கியம். தெருவிலும் எந்த முனை என்பது முக்கியம். இது நம் வர்த்தகப் பெருமக்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதன்று. ஆனால் ஒரு மாநகரத்தையே வெறும் நிலத்தில் கோடு கீறி எழுப்பி, கடைத்தெருவை நடுவில் வைத்து, பின் அதையே பெயர்த்து வெளியில் தள்ளிய ஓர் அரசரின் வரலாறு நம்மில் பலருக்குத் தெரியாது. அவர்தாம் அப்பாஸிய வம்சத்தின் இரண்டாம் கலீபா, அபூ ஜஃபர் மன்ஸூர்.

மன்ஸூர் ஹுமைமா என்ற சிற்றூரில் பிறந்தவர். தாயார் பெர்பர் இனத்தைச் சேர்ந்த அடிமைப் பெண். தம்பி ஸஃப்பாஹ் காலமானபின் ஹிஜ்ரி 136-ல் (கி.பி. 754) பட்டத்திற்கு வந்தார். மறு வருஷமே, அப்பாஸியருக்கு அரசை வாங்கிக் கொடுத்த தளபதி அபூ முஸ்லிமை அழைத்து வரச் செய்து கொன்றார். இதை மறைத்து எழுதுவது சரித்திரமாகாது.

கூஃபாவுக்கு அருகில் அவர் இருந்த இடம் அவருக்குப் பிடிக்கவில்லை. ஊரார் அலீ (ரலி) அவர்களின் வழித்தோன்றல்கள் பக்கம் சாய்ந்தவர்கள். அரண்மனை வாசலிலேயே ஒரு கலகமும் நடந்தது. ஆகவே புது இடம் தேடினார். திஜ்லா நதிக்கரையில் பக்தாத் என்ற சிற்றூர் அகப்பட்டது. திஜ்லா வழியாகப் பஸராவிலிருந்து ஹிந்து, சீன தேசத்துச் சரக்குகள் ஏறி வரும், ஃபுராத் நதி வழியாக ஷாம் தேசத்துச் சரக்குகள் இறங்கி வரும், இடையில் வாய்க்கால்கள். எதிரி வந்தால் பாலத்தை அறுத்துவிடலாம். வியாபாரியின் கண்ணும் சிப்பாயின் கண்ணும் சேர்ந்து தேர்ந்த இடம் அது.

கி.பி. 762-ல் வேலை தொடங்கியது. நகரம் வட்ட வடிவம். தரையில் சாம்பலால் கோடு போட்டு, மன்ஸூர் அதில் நடந்து பார்த்தார். பின் அக்கோட்டின் மேல் பருத்தி விதையைப் பரப்பி, நஃப்தா எண்ணெய் ஊற்றித் தீ வைத்து, எரிகிற வளையத்தைத் தூரத்தில் நின்று பார்த்தாராம். நான்கு வாசல்கள்: கூஃபா, பஸரா, குராஸான், ஷாம். நட்ட நடுவில் அரண்மனை. அதை ஒட்டி ஜும்ஆப் பள்ளி. வாசல்களிலிருந்து உள்ளே போகும் நீண்ட வளைவு மண்டபங்களில் கடைகள்.

அவ்வருஷமே மதீனாவிலும் பஸராவிலும் கிளர்ச்சி மூண்டு வேலை நின்றது. கலீபா தோற்றார் என்ற பொய்ச் செய்தி கேட்டு, காவலுக்கு வைத்திருந்த ஆளே சேர்த்து வைத்த மரங்களுக்குத் தீயிட்டுவிட்டான். மன்ஸூர் கலங்காமல் மீண்டும் தொடங்கி, கி.பி. 766-ல் முடித்தார்.

செங்கல் விஷயத்தில் ஒரு வேடிக்கை. பழைய பாரசீக மன்னரின் மதாயின் மாளிகையை இடித்துக் கல் கொண்டு வரலாம் என்று மன்ஸூர் எண்ணினார். காலித் பர்மகீ வேண்டாமென்றார். கேளாமல் இடிக்கத் தொடங்கியபின் கணக்குப் பார்த்தால், இடிகூலியும் வண்டிக்கூலியும் புதுக் கல்லின் விலையை மிஞ்சிற்று. நிறுத்த உத்தரவாயிற்று. அப்போது அதே காலித், இனி நிறுத்தக்கூடாது, ஒருவர் கட்டியதை இடிக்கக்கூட இவர்களால் முடியவில்லை என்று உலகம் சொல்லும் என்றார். மன்ஸூர் நஷ்டத்தைப் பார்த்தார், நிறுத்தியேவிட்டார்.

கட்டடச் செலவு 40 லட்சத்து 833 திர்ஹம் என்று கணக்கில் எழுதப்பட்டிருக்கிறது. கடைசி 833-ஐயும் விடாத கை அது! வேலை முடிந்ததும் பொறுப்பாளிகள் ஒவ்வொருவரிடமும் கணக்குக் கேட்டார். 15 திர்ஹம் நிலுவை வைத்த ஒருவர் அதற்காகச் சிறை சென்றார். ஜனங்கள் அவருக்கு வைத்த பட்டப்பெயர் அபுத் தவானீக், அதாவது சில்லறைக் காசுகளின் தகப்பன். கணக்கில் கண்டிப்பு நல்லதே. 15 திர்ஹத்துக்குச் சிறை என்பதை நாம் மெச்ச முடியாது.

இமாம் அபூ ஹனீஃபா (ரஹ்) அவர்களும் இக்கட்டடத்தில் சம்பந்தப்பட்டவர்கள். அவர்களும் துணி வியாபாரியே. காஜி பதவியை ஏற்கும்படி மன்ஸூர் சத்தியமிட்டு வற்புறுத்த, இமாமவர்களும் சத்தியமிட்டு மறுத்தார்கள். கலீபாவின் சத்தியம் முறியாதிருக்க, செங்கல் எண்ணும் வேலை அவர்கள் தலையில் விழுந்தது. ஒவ்வொன்றாய் எண்ணாமல், நாணற்கோலால் அடுக்கை அளந்து எண்ணிக்கை சொன்னார்கள் என்பர். கி.பி. 767-ல் பக்தாதிலேயே வஃபாத்தானார்கள். சிறையில் என்று பலர் எழுதியுள்ளனர்.

இனிக் கடைத்தெருவின் கதை. ரோமாபுரித் தூதர் ஒருவர் வந்து நகரைச் சுற்றிப் பார்த்தார். எல்லாம் அழகு, ஆனால் எதிரிகளை உள்ளேயே வைத்திருக்கிறீர்கள் என்றாராம். சந்தைக்கு யாரும் வரலாம். வியாபாரி வேஷத்தில் ஒற்றனும் வரலாம் என்பது கருத்து. கடைத்தெருவை மேற்பார்த்த முஹ்தஸிபே கலகக்காரருடன் சேர்ந்தார் என்பது வேறொரு காரணம். கி.பி. 773 வாக்கில் கடைகள் அனைத்தும் மதிலுக்கு வெளியே, தெற்கே கர்க் என்ற இடத்துக்குப் போயின. பேட்டைக்கு ஒரு கடை மட்டும், அதுவும் கீரையும் காடியும் விற்க, உள்ளே அனுமதி.

ஏழு வருஷம் பழகிய வாடிக்கையை விட்டுப் போனவர்களின் மனம் எப்படி இருந்திருக்கும்! மன்ஸூர் அவர்களை வெறுமனே துரத்தவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். தொழிலுக்கொரு வரிசையாகத் தெருக்கள் வகுத்தார். கசாப்புக்காரர்களைக் கடைக்கோடியில் வைத்தார்; கையில் கூரிய இரும்பிருக்கிறது, புத்தியும் கொஞ்சம் என்பது அவர் கூறிய நியாயம்! ஜும்ஆவுக்கு நகருக்குள் வரவேண்டாதபடி வியாபாரிகளுக்கென்று தனிப் பள்ளியும் கட்டினார். தம் ஆயுள்வரை அக்கடைகளுக்கு வரியும் விதிக்கவில்லை. அது மகன் மஹ்தீயின் காலத்தில் வந்தது.

கி.பி. 775-ல் ஹஜ்ஜுக்குப் புறப்பட்ட மன்ஸூர், மக்கா எட்டுமுன் இறந்தார். அவரது கப்ர் எதுவென்று தெரியாதிருக்க 100 குழிகள் தோண்டினார்கள் என்பர். அவர் எழுப்பிய வட்ட நகரத்தில் இன்று தரைக்குமேல் ஒரு சுவரும் இல்லை. வெளியே தள்ளப்பட்ட கடைக்காரர்களின் கர்க்கோ வளர்ந்து பெருகி, நதியின் மேற்கரைக்கே பெயராகி, பக்தாதில் இன்றும் வழங்குகிறது.