சிங்காரவேலரும் தொழிலாளர் நஷ்டஈடும்

வேலை ஸ்தலத்தில் அங்கஹீனமுற்ற தொழிலாளிக்கு முதலாளி கொடுப்பது தருமமன்று, கடன். இவ்வுண்மையை வற்புறுத்துவதற்குச் சட்டம் பயின்ற ம. சிங்காரவேலரின் ஜீவியத்தை நினைவூட்டுவதினும் சிறந்த வழி நமக்குத் தோன்றவில்லை.

அவர் 1860 பிப்ரவரி 18-இல் சென்னையில் மீனவர் குலத்தில் பிறந்தார். பட்டங்கள் பெற்று ஹைக்கோர்ட்டு வக்கீலானார். ஒத்துழையாமை இயக்கம் தோன்றியதும், 1921-இல் வக்கீல் அங்கியைத் தீயிலிட்டுத் தொழிலாளரிடம் சென்றார். 1922 டிசம்பரில் கயா காங்கிரஸில் தம்மைக் கம்யூனிஸ்டு என்று பகிரங்கமாகச் சொல்லி உழைப்பாளிகளின் கக்ஷியை எடுத்துரைத்தார். 1923 மே 1-இல் சென்னைக் கடற்கரையில் இந்தியாவின் முதல் மே தினத்தைக் கொண்டாடினார்.

அவ்வாண்டு மார்ச்சில்தான் தொழிலாளர் நஷ்டஈட்டுச் சட்டம் நிறைவேறிற்று. 1924 ஜூலை 1-இல் அமலுக்கு வந்தது. அதற்கு முன்னர், யந்திரத்தில் கையிழந்த ஏழை, முதலாளியின் அஜாக்கிரதையை ஸிவில் கோர்ட்டில் ருசுப்படுத்தினாலன்றி ஒரு காசும் பெறுவதற்கில்லை. இச்சட்டமோ, குடிவெறி போன்ற சில விலக்குகள் நீங்கலாக, வேலையின் காரணமாக வேலையின்போது நேர்ந்த காயத்துக்கு முதலாளியையே பொறுப்பாக்கிற்று. கண்டிராக்டர் மூலம் ஆள் வைத்தாலும் அவர் தப்ப முடியாது. மரணம் நேர்ந்தால் நஷ்டஈட்டைக் கமிஷனரிடமே கட்டவேண்டும். விதவையின் கையில் சொற்பத் தொகையைத் திணித்துக் கைநாட்டு வாங்குவது செல்லாது.

ஏட்டில் உரிமை ஏறினால் போதுமா? கேட்பதற்கு ஒற்றுமையும் வேண்டும். 1928 ஜூலையில், ஆள் குறைப்பை எதிர்த்துத் தென்னிந்திய ரெயில்வே தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தனர். கடலூர், சிதம்பரம் வழியே தஞ்சைக்குச் செல்லும் நமது பாதையும் அந்த ரெயில்வேயைச் சேர்ந்ததே. 68 வயதான சிங்காரவேலர் அவர்கள் பக்கம் நின்றார். சதி வழக்கில் அவருக்கு 10 வருஷச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. அப்பீலில் அது குறைந்து, 1930-இல் விடுதலையானார். 1946 பிப்ரவரி 11-இல் மறைந்தார்.

அவர் விட்டுச்சென்ற வேலை முடிந்துவிடவில்லை. 2020 ஜூலை 1-இல், நமது கடலூர் ஜில்லாவின் நெய்வேலி அனல்மின் நிலையத்தில் கொதிகலன் வெடித்து அன்றே 6 பேர் மாண்டனர். பின்னர் ஆஸ்பத்திரியிலும் பலர் இறந்தனர். 1923-ஆம் வருஷச் சட்டம் 2009-ஆம் வருஷத் திருத்தத்தால் பெயர் மாறிற்று. 2020-இல் இயற்றிய சமூகப் பாதுகாப்புத் தொகுப்பு அதன் விஷயங்களைத் தன்னுள் சேர்த்துக்கொண்டது. பெயர் எதுவாயினும் முதலாளியின் கடமை ஒன்றே: காயமுற்றவனுக்கு உடனே சிகிச்சை செய்விப்பது, விபத்தை மறைக்காமல் அதிகாரிகளுக்கு அறிவிப்பது, சேரவேண்டியதைத் தாமதமின்றிக் கொடுப்பது.

காயமுற்றவன் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடக்கிறான். அவன் மனைவிக்கோ சட்டம் தெரியாது. கெடுக் காலம் கடந்தால் உரிமை வலுவிழக்கும். அவ்வீட்டு வாசலுக்குச் சென்று மனு எழுதிக் கொடுப்பார் யார்? சட்டமறிந்த தேசத் தொண்டர்களையே கேட்கிறோம். சிங்காரவேலரைப்போல் அங்கியை எரிக்குமாறு நாம் சொல்லவில்லை; அதை அணிந்துகொண்டேனும் அவ்வாசலுக்குச் செல்லுங்கள் என்றே வேண்டுகிறோம்.