பழிச்சொல்லைத் தாண்டிய பாடகி

இந்தக் காலாண்டில் இங்கிலாந்தின் பாடகியும் திரைப்பட நடிகையுமான கிரேசி ஃபீல்ட்ஸ் பற்றிப் பார்ப்போம்.

இவரது இயற்பெயர் கிரேஸ் ஸ்டான்ஸ்ஃபீல்ட். 1898 ஜனவரி 9 அன்று, லங்காஷயர் பகுதியில் பஞ்சாலைகள் நிறைந்த ராச்டேல் என்ற ஊரில், பாட்டி நடத்திவந்த வறுத்த மீன் கடையின் மாடியில் பிறந்தார். சிறுமியாக இருந்தபோதே பாதி நாள் ஆலை வேலை, பாதி நாள் பள்ளிக்கூடம் என்று வாழ்ந்தவர். நல்ல குரல்வளமும் சிரிக்க வைக்கும் திறமையும் அவரை மேடைக்குக் கொண்டுவந்தன.

1931ல் முதல் படம் வந்தது. 1934ல் வெளியான ஒரு படத்தில், ஆலை மூடப்பட்டதால் வேலையிழந்த பெண்ணாக நடித்தார். நாடெங்கும் வேலையில்லாத் திண்டாட்டம் இருந்த காலம் அது. பெரிய நட்சத்திரமான பிறகும் ஊர்ப் பேச்சுவழக்கை அவர் மாற்றிக்கொள்ளவில்லை. அதனால் உழைக்கும் மக்கள் அவரைத் தங்கள் வீட்டுப் பெண்ணாகவே நினைத்தார்கள். 1939ல் புற்றுநோய்க்கு அறுவை சிகிச்சை நடந்தபோது, நலம் விசாரித்துக் கடிதங்கள் மூட்டை மூட்டையாக வந்தன. உடல் தேறியதும் பிரான்சுக்குப் போய்ப் போர்வீரர்களுக்காகப் பாடினார்.

1940 மார்ச்சில் இத்தாலியில் பிறந்த இயக்குநர் மான்டி பேங்க்ஸை மணந்தார். அவருக்குப் பிரிட்டிஷ் குடியுரிமை கிடையாது. மூன்றே மாதத்தில் இத்தாலி எதிரணியில் போரில் இறங்கியது. பிரிட்டனில் இருந்த இத்தாலியர்கள் காவலில் வைக்கப்பட்டார்கள். கணவரைக் காப்பாற்ற, இருவரும் வட அமெரிக்காவில் தங்கினார்கள்.

ஆபத்தான வேளையில் பணத்தோடு ஓடிவிட்டார் என்று பத்திரிகைகள் எழுதின. அந்நியச் செலாவணிக்குக் கடும் கட்டுப்பாடு இருந்த நேரம் என்பதால் பழி இன்னும் ஆழமாகப் பதிந்தது. உண்மையில் அவர் கனடாவிலும் அமெரிக்காவிலும் ஊர் ஊராகப் பாடி, பிரிட்டனின் போர் நிதிக்குப் பணம் திரட்டிக்கொண்டிருந்தார். 1943ல் வட ஆப்பிரிக்காவுக்கும், 1945ல் பசிபிக் தீவுகளுக்கும் சென்று வீரர்கள் முன் பாடினார்.

போர் முடிந்தபின் அவர் தன் தரப்பை வாதாடிக்கொண்டு இருக்கவில்லை. 1947ல் பிபிசி வானொலிக்காகத் தொழில் நகரங்களுக்குப் போய்ப் பாடினார். மக்கள் மெல்ல மெல்லத் திரும்பி வந்தார்கள். 1933ல் பீஸ்ஹேவன் என்ற ஊரில் மேடைக் கலைஞர்களின் பிள்ளைகளுக்காகத் தொடங்கிய இல்லத்தைப் பழி சூழ்ந்த ஆண்டுகளிலும் கைவிடவில்லை. 1960களிலும் அது நடந்துவந்தது.

1950ல் மான்டி காலமானார். 1952ல் போரிஸ் என்பவரை மணந்து, இத்தாலியின் காப்ரி தீவில் வாழ்ந்தார். 1978ல், தம் 80ஆவது வயதில், லண்டனில் அரச குடும்பத்தார் வரும் ஆண்டு விழா மேடையில் பாடினார். மறு ஆண்டு 'டேம்' பட்டம் பெற்றார். 1979 செப்டம்பர் 27 அன்று காப்ரியில் மறைந்தார்.

வங்கிப் பேரேட்டில் தவறாக விழுந்த பதிவை, எதிர்ப்பதிவு போட்டு அன்று மாலையே சரிசெய்துவிடுவோம். ஒருவர் பெயரில் விழுந்த தவறான பேச்சைச் சரிசெய்ய ஆண்டுகள் ஆகின்றன. அதையும் அவரேதான், தன் உழைப்பால், சரிசெய்ய வேண்டியிருக்கிறது.