சிபில் கார்த்திகேசு: வதைத்தும் வாய் திறக்காதவர்

ஈப்போவுக்கு அருகிலுள்ள பாப்பான், ஒரு காலத்தில் ஈயத்தால் வாழ்ந்த சிற்றூர். அங்கே 74ஆம் எண் கடைவீட்டில் வாழ்ந்த ஒரு தாதியை மாணவர்கள் அறிந்திருக்க வேண்டும்.

சிபில் 1899 செப்டம்பர் 3-ஆம் நாள் சுமத்ராவின் மேடானில் பிறந்தார். தாதியாகவும் மருத்துவச்சியாகவும் பயிற்சி பெற்ற அவர், 1919-இல் டாக்டர் கார்த்திகேசுவை மணந்து, அவருடன் ஈப்போவில் கிளினிக் நடத்தினார். கந்தோனீஸ் மொழியைச் சரளமாகப் பேசுவார். 1941 டிசம்பரில் ஜப்பானியர் ஈப்போமீது குண்டு வீசியதும் குடும்பம் பாப்பானுக்குக் குடிபெயர்ந்தது.

இரவில் காட்டிலிருந்து இறங்கி வந்த கெரில்லாப் போராளிகளின் காயங்களுக்கு அவர் கட்டுப்போட்டார். ஒளித்து வைத்த வானொலியில் பிபிசி செய்தியும் கேட்டார். அன்று இரண்டுமே உயிருக்கு உலை வைக்கும் குற்றங்கள்.

1943-இல் ஜப்பானிய இராணுவப் போலீசான கெம்பித்தாய் அவரைப் பிடித்தது. அடித்தார்கள், பழுக்கக் காய்ச்சிய இரும்பால் சுட்டார்கள், நகங்களைப் பிடுங்கினார்கள். சின்ன மகள் டானை மரத்தில் தொங்கவிட்டுக் கீழே தீ மூட்டினார்கள். அப்போதும் போராளிகளை அவர் காட்டிக்கொடுக்கவில்லை. ஆயுள் தண்டனை விதித்து பத்து காஜா சிறையில் அடைத்தார்கள்.

அவரைப் பொய் கண்டறியும் கருவியில் உட்கார வைத்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? 1921-இல் அமெரிக்காவில் ஜான் லார்சன் உருவாக்கிய அக்கருவி பொய்யை அளப்பதில்லை. மூச்சு, நாடித்துடிப்பு, இரத்த அழுத்தம் ஆகியவற்றை அளக்கிறது. பிற்காலக் கருவிகள் வியர்வையையும் சேர்த்துக்கொண்டன. பயந்தவருக்கு இவையெல்லாமே ஏறும். உண்மையை மறைத்த சிபிலுக்கும், ஒன்றுமறியாமல் பக்கத்து அறையில் அடைபட்டவருக்கும் ஊசி ஒரே மாதிரிதான் துள்ளியிருக்கும். அந்தக் கோட்டை வைத்து யாரைக் குற்றவாளி என்பது? அடித்து வாங்கும் வாக்குமூலத்திலும் இதே கோளாறுதான். வலி தாங்காதவர் கேட்பவர் விரும்புவதைச் சொல்லிவிடுவார்.

கருவி அடிப்பதில்லையே என்று சிலர் வாதாடலாம். இந்திய உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. செல்வி என்பவர் கர்நாடக அரசுக்கு எதிராகத் தொடுத்த வழக்கில், ஒருவரின் சம்மதமின்றி இச்சோதனையை நடத்தக்கூடாது என 2010 மே 5-ஆம் நாள் தீர்ப்பளித்தது. தனக்கு எதிராகத் தானே சாட்சி சொல்லுமாறு எவரையும் கட்டாயப்படுத்த முடியாது என்பதே அதன் அடிப்படை.

1945-இல் சிபில் விடுதலையானார். சிகிச்சைக்காகப் பிரிட்டன் சென்ற அவருக்கு ஜார்ஜ் பதக்கம் வழங்கப்பட்டது. ஆனால் உடல் தேறவில்லை; 1948 ஜூனில் ஸ்காட்லாந்தில் காலமானார். மறு ஆண்டு அவரது உடல் ஈப்போவுக்குக் கொண்டுவரப்பட்டு அடக்கம் செய்யப்பட்டது. ஈப்போ ஃபேர் பார்க்கில் ஒரு சாலை இன்றும் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.