நடிகர் பாலையா

திருநெல்வேலிச் சீமையில் 1914ஆம் ஆண்டு பிறந்த டி. எஸ். பாலையா, நாடக மேடையில் பயின்று திரைக்கு வந்தவர். 1936இல் வெளிவந்த ‘சதி லீலாவதி’ அவருடைய முதற்படம். எம். ஜி. இராமச்சந்திரனும் என். எஸ். கிருஷ்ணனும் அப்படத்திலேயே அறிமுகமாயினர். ஒருவர் கதைத்தலைவராகவும் மற்றவர் கலைவாணராகவும் உயர்ந்தனர். பாலையாவுக்கோ வஞ்சகர் வேடங்களே மிகுதியாக வாய்த்தன. மறு ஆண்டு ‘அம்பிகாபதி’யில் உருத்திரசேனனாக வந்து காண்போர் சினத்தை ஈட்டினார், அச்சினமே அவர் திறத்துக்குச் சான்று.

கனி கிடையாமையால் முருகன் வெகுண்டு பழனிமலை சேர்ந்த கதையை மாணவர் அறிவர். ஏ. பி. நாகராசனின் ‘திருவிளையாடல்’ (1965) அக்கதையோடு தொடங்குகின்றது. மைந்தன் சினம் தணிய உமையம்மை கூறும் கதைகளுள் ஒன்றில் பாலையா, செருக்கு மிக்க ஏமநாத பாகவதர். பாடிய குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது. அசைந்த புருவமும் விரலும் பாலையாவுடையன. எனினும், அவர் பாடிய இடத்தினும் கேட்ட இடமே சிறந்தது. நள்ளிரவில் திண்ணையிலிருந்து விறகுவெட்டியின் பாட்டு எழுகின்றது. பாகவதர் முகத்தில் வியப்புத் தோன்றுகின்றது, அச்சம் தொடர்கின்றது, செருக்கு உருகி ஒழிகின்றது. இரவோடிரவாக அவர் மதுரையை நீங்குகின்றார்.

முந்திய ஆண்டு ‘காதலிக்க நேரமில்லை’யில் நாகேஷ் பேய்க்கதை சொல்ல, இவர் கேட்டு நடுங்கினார். கதை சொன்னவர் நாகேஷ்; நகைப்பின் பாதியை விளைத்தது பாலையாவின் முகம்.

1968இல் ‘தில்லானா மோகனாம்பாள்’ படத்தில், நாதசுரக் கலைஞராகிய சிவாஜி கணேசனின் அருகில் தவில் ஏந்தி அமர்ந்தார். 1972இல் காலமானார்.