சுருளிமலையும் ஆபிரகாம் பண்டிதரும்

கம்பம் பள்ளத்தாக்கின் கீழ்ப்புறத்து மலைச்சரிவில் அமைந்த சுருளி, அருவிக்கும் குகைகளுக்கும் பெயர்பெற்றது. அமாவாசை நாள்களில் நீராடச் செல்லும் மக்கள் அம்மலையைச் சித்தர்கள் வாழ்ந்த இடமாகவே போற்றுவர். தமிழிசையின் வரலாற்றை முதன்முதலாக விரிவாக எழுத முற்பட்ட ராவ் சாகிப் ஆபிரகாம் பண்டிதரின் வாழ்க்கை திசைமாறியதும் இம்மலையில்தான். தஞ்சைக்குரியவராகவே அறியப்பட்டுவிட்ட அவரைத் தேனி மாவட்டத்தார் உரிமையோடு நினைப்பதற்கு இதுவே போதிய காரணமாகும்.

பண்டிதர் 1859ஆம் ஆண்டு ஆகஸ்டு 2ஆம் நாள் தென்காசிக்கு அருகிலுள்ள சாம்பவர் வடகரையில் முத்துசாமி, அன்னம்மாள் ஆகியோரின் மகனாகப் பிறந்தார். திண்டுக்கல் ஆசிரியப் பயிற்சிப் பள்ளியில் பயின்று, அவ்வூரிலேயே ஆசிரியராகவும் விளங்கினார். சடையாண்டிப் பட்டரிடம் வயலின் கற்றார். நிழற்படக் கலையும் அச்சுத்தொழிலும் அவரை ஈர்த்தன. எதையும் கையால் செய்து பார்த்தே அறியவேண்டும் என்னும் இவ்வியல்பு இறுதிவரை அவரை விட்டு நீங்கவில்லை.

திண்டுக்கல்லில் வாழ்ந்த காலத்தில் மூலிகை நாட்டம் அவரைச் சுருளிக்கு அழைத்துச் சென்றது. தாது வருடப் பஞ்சம் (1876–78) தென்னாட்டை வாட்டிய காலத்தையொட்டிய நிகழ்ச்சி இது. பெரியாறு அணை (1895) எழுப்பப்படாத அந்நாளில் இப்பள்ளத்தாக்கு இன்றைய பசுமையை முழுதும் அடைந்திருக்கவில்லை. மலையில் கருணானந்தர் என்னும் துறவியைக் கண்டு, அவரிடம் மருந்துமுறைகளைக் கற்றார் பண்டிதர். கிறித்தவக் குடும்பத்தில் பிறந்து, தம் சமயத்தில் உறுதியாக நின்ற இளைஞர் ஒருவர் மலைக்குகைத் துறவியைக் குருவாக ஏற்றார் என்பது எண்ணத்தக்கது. அவருக்கு அது முரணாகத் தோன்றவில்லை போலும்.

1882இல் ஞானவடிவு பொன்னம்மாளை மணந்து, அடுத்த ஆண்டு தஞ்சையில் குடியேறினார். கணவன் மனைவி இருவரும் லேடி நேப்பியர் பெண்கள் பள்ளியில் பணியாற்றினர். 1890இல் ஆசிரியப் பணியைத் துறந்து மருத்துவத்தில் முழுமையாக இறங்கினார். கருணானந்தர் சஞ்சீவி மருந்துகள் என்ற பெயரில் அவர் செய்தளித்தவை கடல் கடந்தும் விற்பனையாயின. தஞ்சைக்கு வெளியே நிலம் வாங்கிக் கருணானந்தபுரம் என்று பெயரிட்டு மூலிகையும் கரும்பும் பயிரிட்டார். ஊரார் அதனைப் பண்டிதர் தோட்டம் என்றனர். சென்னை ஆளுநர் லாலியின் பெயரால் மின்விசை அச்சகம் ஒன்றையும் நிறுவினார். மருந்துக்கும் தோட்டத்துக்கும் குருவின் பெயர், அச்சகத்துக்கு ஆளுநர் பெயர். காலத்தோடு ஒத்துப்போகவும் அவர் அறிந்திருந்தார்.

மலையில் கற்ற மருந்து ஈட்டித்தந்த செல்வம் இசைக்குச் சென்றது. 1892இல் உ.வே.சாமிநாதையர் சிலப்பதிகாரத்தை உரைகளுடன் பதிப்பித்தமையால், பழந்தமிழர் இசைமுறை பற்றிய செய்திகள் அச்சில் கிடைக்கலாயின. ஆனால், அரங்கேற்று காதையையும் ஆய்ச்சியர் குரவையையும் இசையறிவோடு படிப்பார் அரியர். பண்டிதர் படித்தார். 1912இல் தஞ்சைச் சங்கீத வித்தியா மகாஜன சங்கத்தைத் தொடங்கி, அடுத்தடுத்து மாநாடுகள் கூட்டினார். வித்துவான்களும் அறிஞர்களும் கூடிய அம்மாநாடுகளின் செலவைத் தாமே ஏற்றார்.

ஏறத்தாழ இதே காலத்தில் அமெரிக்காவில் ஆஸ்கர் சோனெக் என்பவர் தம் நாட்டின் தொடக்கக்கால இசையமைப்பாளர்களைத் தேடிக்கொண்டிருந்தார். பிரான்சிஸ் ஆப்கின்சன், ஜேம்ஸ் லையன் ஆகிய இருவரைப் பற்றி அவர் எழுதிய நூல் 1905இல் வெளிவந்தது. அவர் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் இசைப் பிரிவுக்குத் தலைவர். நூலகமும் ஊதியமும் அவருக்கு அரசு அளித்தவை. பண்டிதருக்கு வாய்த்தவை மருந்துச்சாலையும் சொந்த அச்சகமும்.

பண்டிதர் எழுப்பிய வினா எளியதுபோல் தோன்றும். குரல் முதல் தாரம் வரையிலான ஏழு சுரங்களுக்குள் நுண்ணிய அலகுகள் எத்தனை? வடமொழி இசைநூல்கள் 22 என்றன. சிலப்பதிகார உரையில் காணும் அலகுகளும் கூட்டினால் 22 ஆகின்றன. பண்டிதரோ, முன்னோர் இரண்டு சுரங்களில் ஓரோர் அலகு குறைத்தே வழங்கினர் என்றும், நிறைந்த கணக்கு 24 என்றும் வாதிட்டார். ஆயப்பாலையில் 12, வட்டப்பாலையில் 24, திரிகோணப்பாலையில் 48, சதுரப்பாலையில் 96 என்பது அவர் காட்டிய பகுப்பு. குரலுக்கு இளி, அவ்விளிக்கு இளி என்று பன்னிரண்டு முறை சென்றால் தொடங்கிய இடத்துக்கே திரும்ப வேண்டும். மூன்றுக்கு இரண்டு என்னும் பின்னத்தால் கணக்கிட்டாலோ சிறிது மிகுந்துவிடும். வட்டம் மூடியே தீரவேண்டும் என்பதால் சுரநிலைகள் சம அளவினவே என்றார். பழம்பாணர் யாழைச் செவியால் கூட்டியபோது இத்துணைச் சமமாகக் கூட்டினரா என்பது ஐயத்திற்குரியதே. எனினும், தமிழ்நூலைச் சான்றாக வைத்து வடநூற் கணக்கை மறுக்கலாம் என்னும் துணிவு அவரால் வந்தது.

1916இல் பரோடாவில் கூடிய அகில இந்திய இசை மாநாட்டில் தம் கொள்கையை விளக்கினார். புதல்வியர் மரகதவல்லியும் கனகவல்லியும் வீணையில் இசைத்துக் காட்டினர். 22 சுருதிக் கொள்கையினர் நிறைந்த அவை அது. பெண்மக்கள் பொதுமேடை ஏறுதல் அரிதாயிருந்த அந்நாளில், தம் ஆராய்ச்சிக்குச் சான்றாகப் புதல்வியரின் விரல்களையே அவர் நம்பினார்.

1917இல் கருணாமிர்த சாகரம் அவருடைய அச்சகத்திலேயே அச்சாகி வெளிவந்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட பெரும்பக்கங்கள் கொண்டது. கடல்கொண்ட பெருநிலம் பற்றிய அதன் பகுதிகளை இன்றைய நிலவியல் ஏற்காது. அவற்றைக் காட்டி நூல் முழுவதையும் ஒதுக்குவாரும் உளர். அவர்கள் பாலைகளின் கணக்கைப் படியாமலே விட்டவர்கள்.

இந்நூலுக்கு அடித்தளமான சிலப்பதிகாரத்தின் தலைவிக்குக் கம்பம் பள்ளத்தாக்கின் மற்றொரு புறத்தில், கூடலூருக்கு மேலுள்ள மலைமுகட்டில், கோயில் உண்டு. அதுவே கண்ணகிக் கோட்டம் என்று பேராசிரியர் சி.கோவிந்தராசன் 1963இல் கண்டறிந்து கூறினார். மூலிகை தேடிச் சுருளியில் அலைந்த இளைஞர், எதிர்ப்புற மலைத்தொடரைக் காணாதிருந்திருக்க இயலாது. பின்னாளில் தாம் வரிவரியாகக் கணக்கிடப்போகும் காப்பியத்தின் தலைவிக்குரிய இடம் அங்குள்ளதாகக் கூறப்படும் என்பதை அவர் எங்ஙனம் அறிவார்?

பண்டிதர் 1919ஆம் ஆண்டு ஆகஸ்டு 31ஆம் நாள் மறைந்தார். இராகங்களைப் பற்றிய இரண்டாம் பகுதி 1946இல்தான் வெளிவந்தது. அடுத்த ஆண்டு வெளியான விபுலானந்த அடிகளின் யாழ்நூல், அதே சிலப்பதிகாரப் பகுதிகளை எடுத்துக்கொண்டு, அலகுகள் 22 என்றே கணக்கிட்டது.