ஐஸ் கிளைம்பிங் ஷூவுக்குக் கீழே இருக்கும் 10 முள்: யார் இந்த ஆஸ்கர் எக்கன்ஸ்டைன்?

முதல் முறை ஐஸ் கிளைம்பிங் போறீங்களா? ஷூவுக்கு அடியில் இரும்பு முள் வைத்த ஒரு சட்டத்தை மாட்டிவிடுவார்கள். பெயர் கிராம்பான். அதை நம்பித்தான் பனியில் நிற்கவே முடியும்.

அதை உருப்படியாக்கியவர் 1859-ல் லண்டனில் பிறந்த எக்கன்ஸ்டைன். வேலை ரயில்வே இன்ஜினீயர், மனசு முழுக்க மலை. அப்போதெல்லாம் ஆல்ப்ஸ் பனிச்சரிவில் ஏற, வழிகாட்டி முன்னால் போய்க் கோடரியால் ஒவ்வொரு படியாக வெட்டணும். மணிக்கணக்கில் ஆகும். முள் சட்டம் ஏற்கெனவே இருந்ததுதான். ஆனால் பிரிட்டிஷ் மலையேறிகள் பலர் அதைக் குறுக்குவழி என்று ஒதுக்கினார்கள். (படி வெட்டிக் களைத்தது என்னவோ வழிகாட்டிகள்தான்!)

எக்கன்ஸ்டைன் விடவில்லை. எடை எங்கே விழுகிறது, பாதம் எப்படிப் பதிகிறது என்று கணக்குப் போட்டு, 1908-ல் 10 முள் கிராம்பானை வடிவமைத்தார். இத்தாலியில் ஹென்றி கிரிவெல் என்ற கொல்லர் அதை அடித்துக் கொடுத்தார். நீளமான பனிக்கோடரியையும் குட்டையாக்கினார் எக்கன்ஸ்டைன்.

இதற்கு முன்பே, 1902-ல், கே2 சிகரத்துக்குப் போன குழுவுக்குத் தலைமை தாங்கினார். பிரிட்டிஷ் இந்திய அதிகாரிகள் ராவல்பிண்டியில் அவரைச் சில வாரம் தடுத்து வைத்தார்கள். உச்சியும் கிடைக்கவில்லை. 1921-ல் இறந்தார்.

அவருடைய 10 முள்ளும் கீழ்நோக்கியவை. செங்குத்துச் சுவரில் உதைத்து ஏற, முன்பக்கம் நீட்டிய 2 முள்ளைச் சேர்த்தது அந்தக் கொல்லரின் மகன் லோரன். 1938-ல் ஐகர் வடக்குச் சுவரில் படி வெட்டி ஏறிக்கொண்டிருந்த 2 ஆஸ்திரியர்களை, ஒரு நாள் பின்னால் கிளம்பிய 2 ஜெர்மானியர்கள் 12 முள்ளோடு எட்டிப் பிடித்தார்கள். மிச்ச தூரத்தை 4 பேரும் ஒரே கயிற்றில் ஏறினார்கள்.